சலேத்தம்மாளின் நாலு கல்

சென்னைப் பட்டணத்துக் குதிரைகள் டிராம் வண்டியைக் கண்டு மிரண்டுகொண்டிருந்த காலத்தில், அடையாற்றுக்குத் தெற்கே இருந்த ரேஸ் மைதானத்தில், ஞானாதிக்கம் என்றொரு ஜாக்கி, மனைவியைப் புதைத்துவிட்டு வந்து முதல் தடவையாக எடைத் தராசின் நாற்காலியில் உட்கார்ந்தான். ஆறு கல்லில் நிற்க வேண்டிய முள் நிற்காமல் ஏறிப் பத்துக் கல்லில் போய் நின்றது.

கல் என்பது வெள்ளைக்காரன் கணக்கு. பதினான்கு பவுண்டு சேர்ந்தால் ஒரு கல். ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு வந்த சொற்களில் கைகால் முறியாமல் வந்து சேர்ந்தவை மிகச் சில. இது அவற்றில் ஒன்று, அங்கேயும் கல்தான், இங்கேயும் கல்தான். ஞானாதிக்கம் என்ற பெயருக்குத்தான் அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. ரேஸ் அட்டையில் அதை அச்சடிக்க முயன்ற துரைமார்கள் முன்னாலும் பின்னாலும் வெட்டி நடுவில் மிஞ்சியதை 'டிக்' என்று போட்டார்கள், ஊட்டியிலும் பெங்களூரிலும் மைசூரிலும் அவன் வாங்கிய கோப்பைகள் எல்லாம் அந்தத் துண்டுப் பெயருக்கே போய்ச் சேர்ந்தன.

"இன்னா மேன் டிக், பாக்கெட்ல இன்னா வச்சிருக்கே?" என்றார் தராசுக்காரர் ரொசாரியோ. முப்பது வருஷமாக அந்த முள்ளைத் தவிர வேறு எதையும் நம்பாத மனிதர்.

பாக்கெட்டில் ஒரு ஜெபமாலை இருந்தது. அதை எடுத்து வெளியே வைத்த பிறகும் முள் பத்திலேயே நின்றது. வேறு இரண்டு ஜாக்கிகளை உட்கார வைத்துப் பார்த்தார். அவரவர் எடையைச் சரியாகக் காட்டியது. குதிரைகளைப் பழக்குகிற தாவூத் சாயபு வாசலில் நின்று இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தவர், தாடியைத் தடவியபடி மெதுவாகச் சொன்னார்: "துரை, அந்தம்மா பொட்டிய நாலு ஜாக்கிங்கதான் தூக்கினானுங்க. தோள் மாத்துறப்பவே ஒருத்தன் சொன்னான், பலகைய கழிச்சா உள்ளார நாலு கல்லுதான் இருக்குதுன்னு. ஆறும் நாலும் பத்து. தராசு மேல தப்பு இல்ல."

ரொசாரியோ தொப்பியைக் கழற்றினார். "அப்ப லேடியும் உக்காந்திருக்காங்க," என்றார்.

மோட்டார் வண்டியைத் தூக்கி நிறுத்துகிற கருவிக்கும் தமிழில் ஜாக்கி என்றுதான் பெயர். ஒன்று பாரத்தைச் சுமப்பது, மற்றது குதிரை மேல் பாரமாக உட்கார்வது. ஒரே சொல்லில் சுமையையும் சுமப்பவனையும் அடைத்து வைத்தது யார் செய்த குறும்போ தெரியாது, ஆனால் அன்று காலை முதல் ஞானாதிக்கம் இரண்டுமாக இருந்தான்.

சலேத்தம்மாள் பரங்கிமலைப் பட்டாளத்துக்கு ரொட்டி சுடுகிறவரின் இளைய மகள். ரொட்டிக்காரர் பெண்ணைச் சாப்பிடவே கூடாத ஒருவனுக்குக் கட்டி வைக்கிறார்களே என்று கல்யாணத்தில் பட்டாளத்துச் சமையல்காரர்கள் சிரித்தார்கள். அன்று அவள் குட்டையாக, கன்னம் நிறைந்து, நடந்தால் வளையல்களோடு சேர்ந்து தரையும் சத்தம் போடும்படி இருந்தாள். ஞானாதிக்கமோ ஏற்கெனவே புகழ்பெற்ற பட்டினிக்காரன். லாயத்தில் குதிரைகளுக்குப் புல் அறுத்துப் போட்டவரின் மகனாகப் பிறந்து, வளராமல் போனதே மூலதனமாகி, குதிரை முதுகுக்கு ஏறியவன். சித்திரை வெயிலில் மூன்று கம்பளியைச் சுற்றிக்கொண்டு மைதானத்தை வலம் வருவான், விளக்கெண்ணெய் குடிப்பான், ஒரு கிண்ணம் கஞ்சியை நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுப் பாதியைக் குடிப்பான்.

லாயத்தில் இதற்கு 'இறங்குவது' என்று பெயர். எடை குறைந்தால் ஆள் இறங்கியிருக்கிறான். குதிரை முதுகிலிருந்து கீழே வந்தாலும் இறங்குவதுதான். வளைவு தாண்டியதும் குதிரையின் கழுத்தோடு கழுத்தாகப் படுத்துக் காற்றைக் கிழிப்பதற்கும் அதே சொல்தான். "இறங்கு, இறங்கு" என்று தனக்குத்தானே முணுமுணுத்துக்கொண்டு குனிவது ஞானாதிக்கத்தின் வழக்கம். ஒரு சொல்லை இப்படி மூன்று வேலைக்கு வைத்திருந்தால் என்றைக்காவது ஒரு நாள் அது ஆள் மாறிப் போய் நிற்கும் என்பதை இலக்கணம் படித்தவர்கள் யாரும் அந்த மைதானத்துக்கு வந்து சொல்லவில்லை.

வீட்டில் அவன் அந்தச் சொல்லைத் தினமும் சொன்னான். "சலேத்து, ஒரே ஒரு ரேஸு. கொஞ்சம் இறங்கணும்." புருஷன் சாப்பிட்ட பிறகு சாப்பிடுவது அவர்கள் வீட்டு வழக்கம், புருஷன் சாப்பிடாத வீட்டில் அந்த வழக்கம் எப்படி நடக்கும் என்று வழக்கத்தைப் போட்டவர்கள் யோசிக்கவில்லை. அவன் அரைக் கிண்ணம் குடித்தால் அவளும் அரைக் கிண்ணம். அக்கா மதலேனாள் பரங்கிமலையிலிருந்து ரொட்டி கொண்டுவந்து கொடுத்துத் திட்டினால், "அவரு இறங்கறாரு, நானும் கூட இறங்கறேன், இதுல இன்னாக்கா," என்று சிரித்துவிட்டு ரொட்டியைத் தெருப் பிள்ளைகளுக்குப் பிய்த்துக் கொடுப்பாள். பதினோரு வருஷம் அப்படி இறங்கினாள். ஒரு மழைக்காலத்தில் காய்ச்சல் வந்தபோது, எதிர்த்து நிற்க உடம்பு என்று சொல்லிக்கொள்ளும்படி அங்கே எதுவும் இல்லை.

அவன் அதைக் கவனிக்கவில்லை. குதிரையின் விலாவில் ஓர் எலும்பு கூடுதலாகத் தெரிந்தால் நூறு முழத்திலிருந்து கண்டுபிடிக்கிறவன் கவனிக்கவில்லை. ஆகவே தராசு பத்துக் கல் காட்டிய அன்று, முதுகிலும் தோளிலும் ஒரு பாரம் இருப்பதை, மணமில்லாமல், குரலில்லாமல், மூச்சு கூட இல்லாமல் வெறும் பாரமாக, தூங்கிப்போன குழந்தையைச் சுமப்பது போல உணர்ந்தபோது, அவனுக்குப் பயம் வரவில்லை. வீட்டுக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, "வந்துட்டியா," என்று கேட்டுவிட்டு அழுதான்.

ஜாக்கிகளும் குதிரைக்காரர்களும் குடியிருந்த லாயத்தெரு ஒரு வாரத்தில் இதற்குப் பழகிவிட்டது. அவன் ஏறினால் ஜட்கா வண்டிக்காரன் பின்னால் திரும்பாமலே, "அம்மாவும் வராங்களா, சரி, சாஞ்சு உக்காருங்க," என்றான். கயிற்றுக் கட்டில் இரண்டு பேருக்குத் தாழ்வது போலத் தாழ்ந்தது. குழாயடிப் பெண்கள் அவன் தோளுக்கு மேலே பார்த்து, "சலேத்து, உன் குடத்த எடுத்துக்கினு ராசாத்தி இன்னும் குடுக்கல," என்று கோள் சொன்னார்கள். ஞானாதிக்கம் கோயில் சாமியாரிடம் போய்க் கேட்டான்.

"ஆன்மாவுக்கு எடை கிடையாது."

"அப்போ இது இன்னா சாமி?"

"எடை இருக்கிறதால இது ஆன்மா இல்ல. ஆன்மா இல்லாததால என்னோட கணக்குல வராது. ஞாயித்துக்கிழமை ரெண்டு பேரும் பூசைக்கு வந்துடுங்க."

ரேஸ் துரைமார்களுக்கு வேறு கவலை. குதிரைமேல் ஏறும் பாரம் இரண்டு வகை. எடை குறைந்த ஜாக்கிக்குச் சேணத்தில் ஈயக்கட்டி வைத்து ஈடு செய்வார்கள். அது ஆடாமல் அசையாமல் கிடப்பதால் செத்த பாரம். ஆள் வளைவில் சாய்வான், மேட்டில் எழுவான்; அது உயிர்ப் பாரம். இது எந்த வகை? ஞானாதிக்கத்தை ஒரு குதிரையில் ஏற்றி நாலு சுற்று விட்டுப் பார்த்தார்கள். அவன் சாய்ந்தபோது நாலு கல்லும் சாய்ந்தது, அவன் நிமிர்ந்தபோது நிமிர்ந்தது. இறந்துபோனவள் உயிர்ப் பாரம்தான் என்று மூன்று துரைமார்களும் ஒருமனதாகத் தீர்ப்பு எழுதினார்கள். அதில் ஏதோ இடிக்கிறது என்று யாருக்காவது தோன்றியிருந்தாலும் மத்தியானச் சாப்பாட்டுக்கு நேரமாகிவிட்டிருந்தது.

தீர்ப்பு வந்தது, சவாரி வரவில்லை. பத்துக் கல் ஜாக்கியை எந்தக் குதிரை முதலாளியும் கூப்பிட மாட்டான். ஞானாதிக்கம் வீட்டில் உட்கார்ந்திருந்தான். மதலேனாள் வந்து இரண்டு தட்டுப் போட்டாள்.

"இனிமேதான் ரேஸு இல்லியே தம்பி. நீ துன்னாத்தானே அவ துன்னுவா. துன்னு."

நெத்திலிக் குழம்பு. பல வருஷங்களுக்குப் பிறகு வயிறு நிறையச் சாப்பிட்டான், சாப்பிட்டதற்கு வெட்கப்பட்டான், மறுநாள் பழக்கதோஷத்தில் தராசில் போய் உட்கார்ந்தான். பத்துக் கல்லும் இரண்டு பவுண்டும். ஆனால் அவன் இடுப்பில் கட்டியிருந்த அரைஞாண் கயிறு நேற்றைப் போலவே தொளதொளவென்று இருந்தது. விலா எலும்புகளைத் தடவிப் பார்த்தான், அத்தனையும் அப்படியே இருந்தன. ரொசாரியோவும் முள்ளைப் பார்த்தார், அவனைப் பார்த்தார், புரிந்துகொண்டார்.

"உனக்கு ஒண்ணும் ஒட்டலை மேன். லேடிக்குப் போயிருக்கு."

அன்று முதல் அந்தத் தெருவில் நடந்ததைச் சந்தோஷம் என்றுதான் சொல்ல வேண்டும், வேறு சொல் பொருந்தாது. ஞானாதிக்கம் சாப்பிட்டான். காலையில் ஆப்பம், பதினோரு மணிக்குப் பரங்கிமலை ரொட்டி, மத்தியானம் மீன், சாயங்காலம் தாவூத் சாயபு வீட்டிலிருந்து வந்த பிரியாணி. குழாயடிப் பெண்கள் முறை வைத்துக்கொண்டு கொண்டுவந்தார்கள். அவன் மென்றான், அவளுக்குச் சேர்ந்தது. காலையில் தராசு அறையில் ரொசாரியோ பூசை வைக்கிறவரைப் போல முள்ளுக்கு முன்னால் நின்று, "இன்னிக்கு லேடி ஒரு பவுண்டு," என்று அறிவித்தால் வெளியே நிற்கிற குதிரைக்காரர்கள் கை தட்டுவார்கள். பாரம் கூடக்கூட அவன் முழங்கால் வலித்தது, முதுகு வளைந்தது, ஜட்காவின் அச்சு ஒருமுறை முறிந்தது. அவனோ நடக்கும்போது தன் காலடி மண்ணில் முன்னை விட ஆழமாக விழுவதைத் திரும்பித் திரும்பிப் பார்த்துச் சிரித்துக்கொண்டு போனான். அவள் கன்னம் நிறைந்துகொண்டிருக்க வேண்டும். கல்யாணத்தன்று இருந்தது போல ஆகிவிடுவாள். நாலு கல் நாலரைக் கல் ஆனது.

அப்போதுதான் தாவூத் சாயபு பருத்தானைப் பற்றிப் பேச வந்தார்.

பருத்தான் தொரட்டூர் ஜமீன்தாரின் குதிரை. அதன் பெயர் கிங்ஸ் பார்டன், அதாவது ராஜமன்னிப்பு. பார்டனைக் குதிரைக்காரர்கள் பருத்தான் ஆக்கினார்கள், குதிரையும் அந்தப் பெயருக்கு ஏற்ப யானைக்குட்டி மாதிரி இருந்தது. ஜெயித்த குதிரைக்குப் பாரம் கூட்டுவது ரேஸின் நியாயம். போன வருஷம் வரிசையாக ஜெயித்த குற்றத்துக்காக அதற்கு வருஷக் கடைசிக் கோப்பையில் பத்துக் கல் போட்டிருந்தார்கள்.

"ஈயம் வச்சா அது முதுக நெளிக்குது, ஓடாது," என்றார் தாவூத். "பத்துக் கல்லும் உயிர்ப் பாரமா வேணும். பத்துக் கல்லுல இருக்கற துரைங்க குதிரை மேல மூட்டை மாதிரி உக்காருவானுங்க. இந்த மைதானத்துல பத்துக் கல்லு வச்சுக்கினு ஜாக்கி மாதிரி உக்கார்றவன் நீ ஒருத்தன்தான்டா டிக்கு. அல்லா உனக்குன்னே இந்தக் குதிரைய வச்சிருக்கான்."

"இப்ப பத்தரை, சாய்பு."

"அரைக் கல்லுதானே. ஒரு வாரம்."

ஞானாதிக்கத்தின் விரல்கள் மடியில் இல்லாத கடிவாளத்தைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தன. பதினாறு வயதிலிருந்து அவனுக்குத் தெரிந்த ஒரே சந்தோஷம் அந்த வளைவுக்கு அப்பால் இருந்தது. தனக்குத் தானே ஒரு நியாயமும் சொல்லிக்கொண்டான்: லாயத்தெருப் பெண்களை மைதானத்துக்குள் விடுவதில்லை; சலேத்து அவன் ஓட்டி ஒருநாளும் பார்த்ததில்லை; எடை போடுகிற அறைக்குள் என்ன நடக்கிறது என்று கூட அவளுக்குத் தெரியாது. இந்த ஒரு தடவை அவளும் கூட வரட்டும். இரண்டு பேருமாகவே ஜெயிக்கலாம்.

அன்று அவன் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, தோளுக்குப் பின்னால் திரும்பாமல், வெகு மெதுவாகச் சொன்னான்.

"சலேத்து, ஒரே ஒரு ரேஸு. கொஞ்சம் இறங்கணும்."

மதலேனாள் கரண்டியைக் கீழே போட்டாள். "செத்தப்புறமும் பட்டினி போடறியே தம்பி! அவ உனக்கு இன்னா செஞ்சா?"

"ஒரு வாரந்தான்க்கா. அப்புறம் எவ்ளோ வேணும்னாலும்..."

"இதத்தான் பதினோரு வருசமா சொன்ன," என்று மதலேனாள் பாத்திரங்களை எடுத்துக்கொண்டு எழுந்தாள். போகும்போது வாசலில் நின்று, அவனிடம் இல்லை, அவன் தோளிடம் சொன்னாள்: "ஏன்டி, ஒரு தடவையாச்சும் முடியாதுன்னு சொல்லேன்டி."

அவள் சொல்லவில்லை. மறுநாளே இரண்டு பவுண்டு இறங்கியிருந்தாள். ரொசாரியோ எடையைப் படித்தார், வெளியே யாரும் கை தட்டவில்லை.

ரேஸ் நாள் காலை மழை பெய்து ஓய்ந்திருந்தது. புறப்படும் எடைக்கு உட்கார்ந்தபோது முள் பத்துக் கல்லில் மயிரிழை பிசகாமல் நின்றது. "எடுத்துட்டுப் போற எடைய அப்படியே திருப்பிக் கொண்டாரணும் மேன், தெரியும்ல," என்று ரொசாரியோ எல்லா ஜாக்கிகளுக்கும் சொல்வதையே அவனுக்கும் சொன்னார். ரேஸின் முதல் சட்டம் அது. போகும்போது இருந்த எடை வரும்போது இல்லையென்றால் ஜெயித்தது ஜெயித்ததாகாது. ஞானாதிக்கத்துக்கு அது மூச்சு விடுவது போலத் தெரியும். சலேத்தம்மாளுக்கு அதை யாரும் சொன்னதில்லை. எடை என்றால் குறைய வேண்டியது, குறைந்தால் அவர் முகம் மலரும் என்பது ஒன்றுதான் அவளுக்குத் தெரிந்த ரேஸ் சட்டம்.

கொடி விழுந்தது. பருத்தான் பின்னால்தான் புறப்பட்டது, அதன் வழக்கம் அது. ஈர மண்ணில் குளம்புகள் புதையப் புதைய, ஒவ்வொரு குதிரையாகத் தாண்டி, கடைசி வளைவுக்கு வரும்போது முன்னால் இரண்டே குதிரைகள் இருந்தன. பருத்தானின் மூச்சு உலைத் துருத்தி மாதிரி வந்தது. பத்துக் கல்லும் அதன் முதுகில் இறங்கி, ஞானாதிக்கத்தின் தொடைகளில் ஏறி, மார்பைப் பிடித்தது. முதுகில் அவள் சாய்ந்திருந்தாள், வளைவுக்கு ஏற்பச் சாய்ந்திருந்தாள். இத்தனை வருஷத்தில் தன் வேலை என்னவென்று அவளுக்கு இப்போதுதான் தெரிகிறது என்று அவனுக்குத் தோன்றி நெஞ்சு நிறைந்தது. வளைவு முடிந்தது. பதினாறு வயதிலிருந்து வளைவு முடிகிற இடத்தில் செய்ததையே செய்தான். குதிரையின் கழுத்தை நோக்கிக் குனிந்துகொண்டே தனக்குத்தானே முணுமுணுத்தான்.

"இறங்கு. இறங்கு."

பதினோரு வருஷமாக அந்தச் சொல்லைக் கேட்டதும் கேள்வி கேட்காமல் இறங்கியவள், இறங்கினாள்.

முதுகு காலியானது. கழுத்தைச் சுற்றியிருந்த ஏதோ ஒன்று, இருந்தது என்பதே போன பிறகுதான் தெரிகிற மாதிரி ஒன்று, விலகியது. ஞானாதிக்கம் வீறிட்டுக்கொண்டு கடிவாளத்தை இரண்டு கையாலும் இழுத்தான். நாலு கல் குறைந்த பருத்தானுக்கு அந்த இழுப்பு ஒரு பொருட்டாக இல்லை. அது பறந்தது. முன்னால் போன இரண்டு குதிரைகளையும் விட்டுவிட்டு, தன்னை நிறுத்தச் சொல்லி மேலே ஒருவன் கதறிக்கொண்டிருப்பதைக் காதில் போட்டுக்கொள்ளாமல், எட்டுக் குதிரை நீளம் முன்னால் போய் முடிவுக் கம்பத்தைத் தாண்டியது. மைதானம் எழுந்து நின்று கத்தியது. இப்படி ஒரு வெற்றியை அங்கே யாரும் பார்த்ததில்லை, இப்படி அழுதுகொண்டு ஜெயித்தவனையும் பார்த்ததில்லை.

தராசில் அவனைத் தூக்கித்தான் உட்கார வைக்க வேண்டியிருந்தது. முள் ஆறு கல்லில் நின்றது.

"மீதி எங்க மேன்?" என்றார் ரொசாரியோ.

"இறங்கிட்டா, துரை."

முப்பது வருஷமாக அந்த முள்ளைத் தவிர வேறு எதையும் நம்பாத ரொசாரியோ, துரைமார்கள் உள்ளே வரும் சத்தம் கேட்டதும், தன் பூட்ஸ் காலை நாற்காலியின் கால்மிதியில் வைத்து அழுத்தினார். முள் ஏழுக்கு வந்தது, ஏழரைக்கு வந்தது. அவர் காலில் நாலு கல் இல்லை. காலை எடுத்துவிட்டு, முகத்தைத் திருப்பிக்கொண்டு, எடையை உரக்கப் படித்தார். கோப்பை இரண்டாவதாக வந்த குதிரைக்குப் போனது. தாவூத் சாயபு கோபப்படவில்லை. சேணத்தைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

ஞானாதிக்கம் யாருடைய தீர்ப்பையும் கேட்க நிற்கவில்லை. கம்பியைத் தாண்டிக் குதித்து, ஈரப் பாதையில் வந்த வழியே ஓடினான். ஓடுவது அவ்வளவு சுலபமாக இருந்ததை அவனால் தாங்க முடியவில்லை. பருத்தானின் குளம்படிகள் அங்கே பதிந்து கிடந்தன, கம்பத்திலிருந்து பின்னோக்கி மேலோட்டமாக, மேலோட்டமாக, வளைவு முடிகிற இடத்தில் ஒரே தப்படியில் ஆழமாகி, அதற்கு அப்பால் எல்லாம் தண்ணீர் தேங்கும் அளவுக்கு ஆழமாக. ஆழத்துக்கும் மேலோட்டத்துக்கும் நடுவே ஒரு பாய் விரிக்கிற இடம் இருந்தது. அங்கே மனிதக் காலடி எதுவும் இல்லை. இறங்கியவளுக்குத் தடம் பதிக்கிற பாரம் மிஞ்சியிருக்கவில்லை.

அவன் அந்த இடத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு முழங்காலை மடக்கிக் குனிந்தான். குழந்தையை உப்புமூட்டை தூக்குகிறவன் மாதிரி இரண்டு கையையும் பின்னால் நீட்டினான்.

"ஏறு," என்றான். "ஏறிக்கோ சலேத்து."

மைதானத்துக்கு வெளியே, வேலிக்கு அந்தப் பக்கம் ஜனங்களோடு நின்று பார்த்துக்கொண்டிருந்த மதலேனாள், கம்பியைப் பிடித்துக்கொண்டு, "தம்பி, எந்திரிச்சு வா. அடுத்த ரேஸு வருது, குதிரைங்க வருது," என்று கூப்பிட்டாள். அவன் காதில் விழவில்லை. அடுத்த ரேஸின் குதிரைகள் கும்பலாக வளைவுக்குள் வந்தன. உள்பக்கக் கம்பியை ஒட்டிப் போனால்தான் ஜெயிக்கலாம் என்று தெரிந்த ஒன்பது ஜாக்கிகளும், பாதையில் குனிந்து நிற்கிறவனைத் தூரத்தில் கண்டதும், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல், ஒரே நேரத்தில் கடிவாளத்தை வெளியே இழுத்து அகல வளைந்து போனார்கள். பணம் கட்டியவர்கள் கெட்ட வார்த்தையில் கத்தினார்கள். மண் அள்ளித் தெறித்தது அவன் மேல்.

"எவ்ளோ வேணும்னாலும் ஏறு," என்று சொல்லிக்கொண்டிருந்தான். "ஒம்போது கல்லு, பத்துக் கல்லு, நான் தூக்கறேன். இனிமே இறங்கச் சொல்ல மாட்டேன். ஏறு."

காற்று மட்டும் வந்து முதுகில் பட்டது. பிறகு, அவள் குட்டை, எட்டாமல் நின்றுகொண்டிருப்பாளோ என்று நினைத்து, முதுகை இன்னும் கொஞ்சம் தாழ்த்திக்கொண்டான்.